புகைபோட்ட வெளிச்சம்

ஷீட் வாங்க வருகிற எவனும் இப்போது ஷீட்டைத் தூக்கிப் பார்ப்பதில்லை. சத்தியநேசனுக்கு அதுதான் பெரிய எரிச்சல். முன்பெல்லாம் வியாபாரி வந்தால் முதல் காரியமாக மேலே கிடக்கும் ரப்பர் ஷீட்டை இரண்டு கையாலும் விரித்துச் சூரியனுக்கு நேரே பிடிப்பான். தேன் நிறத்தில் தெளிந்து கிடக்கும் அது. உள்ளே காற்றுக்குமிழ் உண்டா, பட்டைத் துணுக்கு உண்டா, புகை ஏறாமல் நடுவில் வெள்ளை நிற்கிறதா, எல்லாம் தெரியும். விற்கிறவனின் யோக்கியதையும் சேர்த்துத் தெரியும். இப்போது குமாரதாஸ் வருகிறான், பைக்கை விட்டு இறங்காமலே போனைத் தேய்க்கிறான், இன்றைய விலை என்னவென்று அது சொல்கிறது, கட்டைத் தூக்கித் தராசில் போடுகிறான், போகிறான். சாவு வீட்டுக்குப் போனாலும் இப்படித்தான். பெட்டிக்குள் கிடக்கிறவனின் முகத்தை எவன் பார்க்கிறான்?

“ஏலே, ஒரு ஷீட்ட எடுத்து வெளிச்சத்துல பிடிச்சிப் பாருலே. நா உள்ள மண்ண வச்சு உருட்டியிருந்தா?”

“பாத்தாலும் இதே வெலதான் அண்ணாச்சி, பாக்காட்டாலும் இதே வெலதான்.”

“பொறவு கண்ணு எதுக்குலே ஒனக்கு?”

குமாரதாஸ் கட்டைத் தூக்கித் தராசில் போட்டான். வீட்டு நடையில் உட்கார்ந்திருந்த எபின்தான் சிரித்தான்.

“பாக்காம இருக்கியதுதான் நல்லது அப்பா. பாத்தா அது கண்ணுல தங்கிரும்.”

குமாரதாஸ் அவனை ஒரு பார்வை பார்த்துவிட்டு, அவசரமாக வண்டியைக் கிளப்பிக்கொண்டு சிதறால் ரோட்டில் ஏறினான்.

எபின் சத்தியநேசனின் ஒரே மகன். கல்ஃபில் கண்ணாடிக் கம்பெனியில், சூளையின் வாய்க்கு முன்னால் நின்று வேலை பார்த்தவன். இடது கண் ஒரு சில்லு தெறித்து அங்கேயே போய்விட்டது. வலது கண்ணோடு ஊருக்கு வந்தான். அந்தக் கண்ணிலும் கறுப்பு இருக்கவேண்டிய இடத்தில் வெள்ளை. மரத்தில் கட்டிய சிரட்டையில் நிற்கும் ரப்பர் பால் உறையத் தொடங்கும்போது ஒரு மங்கல் வருமே, அந்த வெள்ளை. மார்த்தாண்டத்தில் ஒரு கண் டாக்டரிடம் காட்டினார்கள். புரை முத்திப்போச்சு, இனியும் விட்டால் உள்ளேயே உடையும், உடைந்தால் இந்தக் கண்ணும் போய்விடும் என்றார் அவர். எடுத்துவிட்டால் நன்றாகத் தெரியும் என்றும் சொன்னார். எபின் எழுந்து, சுவரைத் தடவிக்கொண்டு வெளியே வந்துவிட்டான்.

எடுக்கக் கூடாதாம். அதில் அவன் பிள்ளை இருக்கிறாளாம்.

மழைக்காலம் முடிந்து மரங்களில் பால் நன்றாக வந்துகொண்டிருந்த நேரம். விடிய முன்னே மரப்பட்டையைக் கீறி வெட்டிவிட்டு, வெயில் ஏறும்போது வாளியில் பாலைச் சேர்த்துக்கொண்டு வந்து, அரிப்பில் வடிகட்டி, தண்ணீர் கலந்து, டிஷ் என்கிற தட்டங்களில் ஊற்றி ஆசிட் விடுவார் சத்தியநேசன். உறைந்ததை எடுத்துக் கையால் அழுத்தி ரோலரில் கொடுப்பது எபினின் வேலை. அதற்குக் கண் வேண்டாம், விரல் போதும். அவர் சக்கரத்தைச் சுற்ற, அவன் இந்தப் பக்கம் கொடுப்பான். மறுபக்கம் எபினின் மனைவி ஷீஜா வாங்கிக்கொள்வாள்.

“வெளிச்சம்னா என்னதுன்னு நெனச்சீங்க அப்பா?”

“கரண்டு பில்லு.”

ஷீஜாவுக்குச் சிரிப்பு வந்தது. எபின் விடவில்லை.

“அதும் பாலாக்கும். ஓடும்போ ஒண்ணும் இல்ல. வந்து விழும், ஒழுகிப் போவும். நாம தெனமும் எத்தனையோ பாக்கியோம், ஒக்க ஒழுகிப் போவுது. ஆனா ஆசயா பாத்தது போவாது. கண்ணுக்குள்ள தேங்கும். தேங்கினதுமேல சூடு பட்டா ஒறஞ்சிரும். ஒறஞ்சா பொறவு ஓடாது.”

“இது எந்தப் பள்ளிக்கூடத்துல பறஞ்சு தந்தானுவ?”

“சூளைக்க முன்ன. முட்ட வெள்ளயப் பாருங்க. பச்சயா இருக்கும்போ தண்ணி மாதிரி தெளிவு. சட்டில விட்டா வெள்ளயா ஒறயும். கண்ணுக்குள்ள உள்ளதும் அந்த ஜாதிதான். சூள முன்ன நிக்கியவனுக்கு ஒக்க கண்ணுல வெள்ள விழும். டாக்டர் சூடுன்னு சொல்லுவாரு. சூடு ஆசிட்டாக்கும் அப்பா. வெறும் டிஷ்ஷுல ஆசிட்ட ஊத்துனா ஷீட்டு வருமா? உள்ள பால் வேணும்லா?”

“நீ ஷீட்ட நேர கொடு. கோணுது.”

“எங்கூட ஒரு நேபாளி உண்டும். எப்போ பாத்தாலும் அவனுக்க ஊரு மலையப் பத்தியே பேச்சு. பனி விழுந்து கெடக்கும், காலம்பற செவப்பா தெரியும்னு. அவனுக்க கண்ணுல வெள்ள விழுந்து கம்பெனியில ஆப்ரேசன் பண்ணினாவ. நல்லா தெளிஞ்சிட்டு. அதுக்குப் பொறவு அவனுக்க வாயில மலைங்கிற பேச்சே வரல. நாந்தான் கேட்டேன், ஏன்லே மலையப் பத்தி பேசமாட்டேங்கன்னு. எந்த மலைன்னு கேட்டான்.”

சக்கரம் ஒரு நொடி நின்று மறுபடி சுற்றியது. சத்தியநேசனுக்குப் பேயில் நம்பிக்கை கிடையாது. டாக்டரிலும் அவ்வளவாகக் கிடையாது. சபையில் சாட்சி சொல்ல எழுந்திருக்கிறவர்களைக் கண்டால் செருப்பைத் தேடுகிற ஆள். வெளிநாட்டில் தனியாகக் கிடந்து மண்டை காய்ந்தவன் சொல்வதை நம்புவதற்கு அவருக்கு என்ன வந்தது?

ஆனால் சங்கதி பிள்ளையைப் பற்றியது. அதனால் அவர் சக்கரத்தைச் சுற்றிக்கொண்டே இருந்தார்.

பிள்ளை ஜாஸ்மிக்கு அப்போது ஏழு வயது. எபின் கடைசியாக லீவு முடிந்து போன அன்று சாரல் அடித்தது. மஞ்சள் குடையைப் பிடித்துக்கொண்டு கேட்டில் நின்று கை காட்டினாள். அப்போது அந்த இரும்புக் கேட்டுக்கு நீலப் பெயின்ட். வண்டியின் பின் கண்ணாடி வழியாக, சாலை வளைகிற வரைக்கும் எபின் பார்த்துக்கொண்டே போனான். அந்த மாதமே பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தது. ஆஸ்பத்திரியில் மூளையில் ஏறிவிட்டது என்றார்கள். கம்பெனியில் லீவு கொடுக்கவில்லை. அடக்கத்தைப் போனில் காட்டினார்கள், அவன் பார்க்க மாட்டேன் என்று சொல்லிவிட்டான். இரண்டு வருஷம் சூளைக்கு முன்னாலேயே நின்றான். பிறகு சத்தியநேசன் கேட்டுக்குப் பச்சைப் பெயின்ட் அடித்துவிட்டார், சும்மா துரு பிடிக்கிறதே என்று.

“இஞ்சதான் அவ நிக்கியா” என்று வலது கண்ணைத் தொட்டுக் காட்டுவான் எபின். “நீலக் கேட்டுக்குப் பக்கத்துல. மொதல்ல தூரமாட்டு நின்னா. வெள்ள முத்த முத்த கிட்ட வாறா.”

ஒரு நாள் மத்தியானம் மரச்சீனியும் நெத்திலிக் கறியும் தின்றுகொண்டிருக்கும்போது, எச்சில் கையோடு நிமிர்ந்து உட்கார்ந்தான்.

“ஷீஜா, அவ கைய எறக்கிட்டா.”

“யாரு?”

“இவ்வளவு நாளும் காட்டிட்டே நின்னாள்லா. இப்போ எறக்கிட்டா. என்னையப் பாத்துட்டு நிக்கியா.”

ஷீஜா பாத்திரத்தைக் கீழே வைத்தாள். சத்தியநேசன் வாசல் வழியாகக் கேட்டைப் பார்த்தார். பச்சைக் கேட் சாத்தியே கிடந்தது. அதன்மேல் ஒரு காக்கை. நல்ல உச்சி வெயில். வெளியே பயப்படுவதற்கு ஒன்றுமே இல்லை. 

“தின்னுலே. ஆறுது” என்றார்.

அந்த வாரம் ஷீஜா, ஷீட்டுகளைப் புகையில் உலர்த்தும் புகைப்புரையிலிருந்து ஒரு ஷீட்டை எடுத்துக்கொண்டு வந்தாள். எபின் பக்கத்திலேயே குனிந்து உட்கார்ந்திருந்தபோது உறைந்த ஷீட். வெயிலில் பிடித்துக் காட்டினாள். தேன் நிறத்துக்குள்ளே ஒரு நிழல், தலை குனிந்த ஆள்போல.

“அரிப்பு செரியா கழுவல மக்களே நீ. அழுக்கு.”

“தோளு தெரியுது மாமா. பாருங்க, காது.”

“அழுக்குக்குக் காதும் உண்டும், மூக்கும் உண்டும். அடியில வச்சுக் கெட்டு.”

அடியில் வைத்தே கட்டினார்கள். குமாரதாஸ் எடுத்துப் பார்க்காமல் கொண்டுபோனான்.

பிறகுதான் ரோலர் எபினின் விரலைப் பிடித்தது. ஷீட்டின் ஓரம் என்று நினைத்து விரலையும் சேர்த்துக் கொடுத்துவிட்டான். சக்கரத்தைச் சுற்றியது அவர்தான். ஷீஜா கத்தின கத்தில் கை நின்றது. சக்கரத்தைப் பின்னால் சுற்றி எடுத்தபோது இரண்டு நகமும் கறுத்து, வெள்ளை ஷீட்டில் ரத்தம் வரிவரியாகப் பதிந்து கிடந்தது. அவன் வலி என்று சொல்லவில்லை. “நா அவளப் பாத்துட்டிருந்துட்டேன்” என்றான்.

ஷீஜா அவன் கையில் துணி சுற்றிக்கொண்டே அழுதாள். சத்தியநேசன் தரையில் குந்தி உட்கார்ந்தார்.

“மக்கா, நா இனி எத்தன நாளு? இவ ஒருத்தி மரத்தயும் வெட்டி, பாலும் எடுத்து, ஒன்னையும் கையப் பிடிச்சிக் கொண்டு நடப்பாளா? நீ சொல்லியது நெசமோ புளுகோ, எனக்கு அது வேண்டாம். அந்த வெள்ளய எடுத்தாத்தான் நீ மனுசன். இல்லேன்னா ஒங்க ரெண்டு பேருக்கும் இஞ்ச வழியில்ல.”

எபின் கையை நீட்டினான். ஷீஜாவின் தலையைத் தடவித் தேடி, அதில் கையை வைத்துக்கொண்டான்.

“எடுக்கியத அங்க களையப்பிடாது. வீட்டுக்குக் கொண்டு வரணும்.”

“கொண்டு வந்து?”

“ஒறஞ்சத கெட்டுப்போவாம வைக்க நாம என்ன செய்வோம்?”

“புகை போடுவோம்” என்றார் சத்தியநேசன். வாய் தானாகச் சொல்லிவிட்டது. சொன்ன பிறகு, மகன் தன்னை எங்கேயோ கொண்டு நிறுத்திவிட்டான் என்று தோன்றியது.

டாக்டர் கேட்டுவிட்டுச் சிரித்தார். பித்தப்பைக் கல்லை வாங்கிக்கொண்டு போகிறவர்கள் உண்டு, இதைக் கேட்ட ஆள் நீங்கள்தான் பாட்டா என்றார். முத்தின புரை என்பதால் உறிஞ்சி எடுக்க முடியாது, முழுசாகத்தான் வரும் என்றும் சொன்னார். மகனை உள்ளே கொண்டுபோன பிறகு சத்தியநேசன் வெளியே பெஞ்சில் உட்கார்ந்தார். யாரும் யாரையும் பார்க்கவில்லை. ஒவ்வொருத்தர் முகத்திலும் கீழேயிருந்து போன் வெளிச்சம் அடித்துக்கொண்டிருந்தது. எல்லாரும் தண்ணீருக்கு அடியில் உட்கார்ந்திருப்பது போல இருந்தது அவருக்கு. நர்ஸ் ஒரு சின்னக் குப்பியைக் கொண்டுவந்து கையில் தந்தாள். உள்ளே துவரம்பருப்பு அளவுக்கு ஒன்று, வெள்ளையாக.

“இது அவனுக்குள்ளதுதானா பிள்ளே? மாத்தித் தந்திராதே.”

“இத மாத்தி நாங்க என்னத்துக்குப் பாட்டா?”

மறுநாள் கண் கட்டை அவிழ்த்தார்கள். எபின் கண்ணைச் சிமிட்டிக்கொண்டு சுற்றிலும் பார்த்தான். பிறகு வாய்விட்டுச் சிரித்தான். “அப்பா, ஒங்க மீச இவ்வளவு நரச்சுப் போச்சா! ஷீஜா, நீ என்னட்டி மெலிஞ்சிட்டே?” வருகிற வழியெல்லாம் பஸ்ஸின் ஜன்னலில் முகத்தை வைத்து, கடை போர்டு ஒவ்வொன்றையும் சத்தமாகப் படித்தான். முன் சீட்டுக்காரன் திரும்பிப் பார்த்தும் நிறுத்தவில்லை. ஷீஜாவுக்குச் சிரிப்பும் கண்ணீருமாக வந்தது. சத்தியநேசன் மடியில் குப்பியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

வீட்டுக் கேட்டைத் திறந்து, நிற்காமல், விசிலடித்துக்கொண்டே உள்ளே போனான் எபின். ஷீஜா மட்டும் கேட்டில் நின்றுவிட்டாள். இத்தனை மாதமும் அந்த இரும்பில் கையை வைத்துக்கொண்டு நின்றவன் அவன்.

உள்ளே சுவரில் படம் இருந்தது. அவன் அதன் முன்னால் நின்றான்.

“ஏட்டி ஷீஜா, இது யாருக்க பிள்ள? கொள்ளாமே. நல்லா சிரிச்சிட்டு நிக்கியா.”

விளையாடுகிறான் என்று நினைத்தாள் ஷீஜா. அவன் முகத்தைப் பார்த்தாள். அவன் பதிலுக்காகக் காத்திருந்தான்.

“நம்ம ஜாஸ்மி” என்றாள் மெல்ல.

“ஓ” என்றான். “ஆமா, ஆமா.” நெய்யூரில் பழக்கமில்லாத யாரோ இறந்துபோனதைச் சொன்னால் தலையாட்டுவது போல ஆட்டினான். பிறகு கறி என்ன வைத்திருக்கிறாய் என்று கேட்டான்.

அன்றைக்குச் சாயங்காலம் சத்தியநேசன் அந்த வெள்ளைப் பருப்பைக் குப்பியிலிருந்து எடுத்தார். தண்ணீரில் அலசி, மெல்லிய துணியில் முடிந்து, புகைப்புரைக்குள் ஷீட்டுகளுக்கு நடுவே கம்பில் கட்டித் தொங்கவிட்டார். எறும்பு வராதே என்றுதான். கதவைச் சாத்தி, சிரட்டையும் பச்சை விறகும் போட்டுப் புகை மூட்டினார். வேறொன்றும் நினைக்கவில்லை.

எபின் நல்ல வேலைக்காரனாகிவிட்டான். மரங்களில் பால் வெட்டினான், கூரை ஓடுகளை மாற்றினான், கிணற்று மேட்டைப் பூசினான். எந்நேரமும் விசில். சபைக்குப் போனால் எல்லோரிடமும் சிரித்துப் பேசினான். கல்லறைத் தோட்டத்தைக் கடந்துதான் வீட்டுக்கு வர வேண்டும். அவன் வேகம் குறையாமல் கடந்து வந்தான். ஊரில் எல்லோரும், ஆப்ரேசன் செய்தது எவ்வளவு நல்லதாயிற்று என்றார்கள். சத்தியநேசனும் அதைத்தான் சொன்னார், கேட்டவர்களிடம்.

ஷீஜாதான் வேலைக்கு நடுவே நின்றுபோகிறாள். டிஷ் கழுவுகிற இடத்தில் அவரிடம் கேட்டாள்.

“மாமா, அவரு பிள்ளயக் கேக்கல.”

“ஊசி போட்டாவல்லா. அதுக்க மயக்கம். எறங்கும்.”

“கண்ணுக்குப் போட்ட ஊசிக்குப் பிள்ள மறக்குமா?”

“எனக்குத் தெரியாத காரியத்த என்கிட்ட கேக்காத பிள்ளே.”

“அவளுக்க பொறந்த நாளு நேத்து. நா பாயசம் வச்சேன். என்ன விசேசம்னு கேட்டுட்டுக் குடிச்சாரு.” அவள் டிஷ்ஷைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள், அது எப்போதோ வெளுத்துவிட்டது. “முன்ன ராவும் பகலும் அவளப் பத்தியே பேசுவாரு. எனக்குப் பயமா இருக்கும். ஆனா ரெண்டு பேருமா சொமந்தோம் மாமா. இப்போ நா ஒருத்தி. வீட்டுக்குள்ள எனக்கே சந்தேகம் வருது, நா பெத்தேனான்னு.”

“அவன் கண்ணு தெரிஞ்சு நடக்கியான். அது போராதா ஒனக்கு?”

“அத எங்க வச்சிருக்கீங்க?”

அவர் கண் புகைப்புரைப் பக்கம் போய் வந்தது. அவள் எழுந்து புகைப்புரையைப் பார்த்து நடந்தாள். அவரும் பின்னால் போனார். வேறு வழியில்லை, கதவின் கொண்டி அவர் கைக்கு மட்டும்தான் ஒழுங்காகத் திறக்கும்.

உள்ளே புகை அடங்கி, இளஞ்சூடு மட்டும் நின்றது. ஷீட்டுகள் பழுத்துத் தொங்கின. சத்தியநேசன் துணி முடிச்சை அவிழ்த்துக்கொண்டு முற்றத்துக்கு வந்தார். உள்ளங்கையில் தட்டினார். வெள்ளை எங்கேயும் இல்லை. நல்ல ஷீட்டுபோல, ஒரு துளித் தேன்போல, தெளிந்து கிடந்தது.

மரத்துக்கு மேலே வெயில் வந்திருந்தது. இத்தனை வருஷப் பழக்கம், யோசிப்பதற்கு முன்னே கை தூக்கிவிட்டது. இரண்டு விரலுக்கு நடுவே அதைப் பிடித்து, ஒரு கண்ணை மூடி, சூரியனுக்கு நேரே பார்த்தார்.

சாரல் அடித்துக்கொண்டிருந்தது. இரும்புக் கம்பிகள், நீலமாக. அதை ஒட்டி ஒரு மஞ்சள். அதன் கீழே நின்றதன் முகம் அவரைப் பார்த்துத் திரும்பியது. பிறகு, இறக்கி வைத்திருந்த சின்னக் கை பைய மேலே வந்தது.

“என்ன தெரியுது மாமா?”

“காத்துக்குமிழு.”

“வேற?”

“வேற என்ன? ஒரு குமிழு. அழுக்கும் உண்டும்.” அவர் அதை அவள் கையில் வைத்தார். விரலை அவசரமாக வேட்டியில் துடைத்தார்.

ஷீஜா தூக்கிப் பிடித்தாள். அவள் முகத்தில் ஒரு மஞ்சள் புள்ளி விழுந்து ஆடியது.  மூச்சு விடுகிறாளா என்றும் தெரியவில்லை. தோட்டத்துக்குள் எபினின் விசில் நெருங்கி வந்துகொண்டிருந்தது.

“அவன்கிட்ட காட்டாதே” என்றார் சத்தியநேசன். “ஒண்ணும் இல்லாததக் காட்டி ஆளக் கெடுக்காத. ஒரு கண்ணுதான் இருக்கு அவனுக்கு.”

“ஒண்ணும் இல்லேன்னா காட்டினா என்ன மாமா?”

 அவர் கத்தியை எடுத்துக்கொண்டு நடந்தார். வெட்டுகிற நேரம் எப்போதோ கழிந்துவிட்டது. ஆனாலும் நடந்தார்.

“ஏங்க, இஞ்ச வாங்க. இத ஒண்ணு வெயில்ல பிடிச்சுப் பாருங்க” என்று பின்னால் ஷீஜாவின் குரல்.

“என்னட்டி அது, கல்கண்டா?” எபின் சிரித்தான். மறுபடி விசில். பிறகு விசில் பாதியில் நின்றது.

சத்தியநேசன் திரும்பவில்லை. முதல் மரத்தைக் கடந்தார், இரண்டாவதைக் கடந்தார். பின்னால் ஒரு சத்தம் வந்தது. ஓடுகிற வண்டிக்குள்ளிருந்து ஒருத்தன் பிள்ளையின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் எப்படி இருக்கும், அப்படி ஒரு சத்தம்.

அந்தப் பேரு படத்துக்குக் கீழேயே எழுதியிருக்கே, அதிலென்ன அதிசயம் என்று நினைத்தார். ஷீஜா சொல்லிக் கொடுத்திருப்பாள். கேட் பல வருஷம் நீலமாகக் கிடந்தது, நீலம் எவன் மனசிலும் வரும். வெயிலை நேரே பார்த்தால் வயசானவன் கண்ணில் மஞ்சள் தெரியாதா? நீர் கோர்த்தால் எதுவும் அசையத்தான் செய்யும். குமிழ். வேறொன்றுமில்லை.

அடுத்த மரத்தில் சிரட்டையைச் சரிசெய்யப் போனபோதுதான் கவனித்தார். கத்தி பிடிக்காத கை, முற்றத்திலிருந்தே, பாதி உயர்ந்தபடி, விரல் விரித்து, யாருக்கோ காட்டுவது போல நின்றிருந்தது. அதை இறக்கினார். சிரட்டைக்குள் விழுந்து கிடந்த இலையை அந்தக் கையாலேயே எடுத்துக் களைந்துவிட்டு, மரங்களுக்கு உள்ளே நடந்துகொண்டே இருந்தார்.